வீட்டில் இல்லை

வாசல் தூணில் அறைந்த தகரப்பெட்டியின் பூட்டுக்கு
மாதம் ஒருமுறை விளக்கெண்ணெய் விடுவது என் வேலை.
மற்ற வேலைகளும் உண்டு. சம்பளம் ஏழு ரூபாய்.
பெட்டிமேல் வெள்ளைச் சாயத்தில் மூன்று சொற்கள்.
"வீட்டில் இல்லைன்னு அர்த்தம்டா சவரி"
என்றான் சமையற்கார சூசை.
உள்ளே, வெட்டிவேர்த் தட்டிக்குப் பின்னால்
துரைசானி எலுமிச்சைத் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தாள்.

நாகப்பட்டினத்துக்குப் புதிதாக வரும் வெள்ளைக்காரர்
பகல் பன்னிரண்டுக்கும் இரண்டுக்கும் நடுவில்தான் வரவேண்டும்.
மீன்கூடைக்காரிகூட புன்னை நிழலில் ஒதுங்கும் நேரம்.
கையுறை மாட்டி, கழுத்துவரை பொத்தான் பூட்டி
ஜட்காவில் வந்து இறங்கி
பெட்டிக்குள் ஒரு சீட்டைப் போட்டுவிட்டுத் திரும்புவார்கள்.
கதவைத் தட்டுவதில்லை.
தட்டினால் மரியாதை கெட்டுவிடுமாம்.

எங்கள் வீட்டில் அரிசிப்பானை காலியானால்
இல்லை என்று சொல்லமாட்டோம்,
"நிறைஞ்சிருக்கு" என்போம்.
இவர்கள் ஆள் நிறைந்த வீட்டுக்கு வெளியே
இல்லை என்று எழுதி மாட்டுகிறார்கள்.
எது பெரிய பொய்?
பாவசங்கீர்த்தனத்தில் கேட்க நினைத்து
கேட்காமலே எழுந்து வந்தேன்.

சாயங்காலம் சீட்டுகளை வெள்ளித்தட்டில் வைப்பேன்.
விருந்தில் யாருக்கு முன்னால் யார் நடப்பது,
எவள் எவர் கையைப் பிடித்து உள்ளே போவது
எல்லாம் ஒரு சிவப்புப் புத்தகத்தில் அச்சடித்திருந்தது.
கோயிலில் முதல் மரியாதைக்கு வெட்டிக்கொள்ளும்
நம்மூர் மிராசுகள் பிச்சை வாங்கவேண்டும்.
பெரிய வீடுகளுக்குத் துரைசானியே கோச்சில் போவாள்.
நடுத்தரத்துக்கு என் கையில் பதில் சீட்டு.

ரயில்வே பட்டறை போர்மேன் ஹாக்கின்ஸின் சம்சாரம்
போத்தனூரில் பிறந்தவள்.
குடை பிடித்து நடந்தே வந்தாள்.
சீட்டின் மூலையை மடித்திருந்தாள்,
தானே வந்ததற்கு அடையாளம்.
போட்டாள். ஜன்னலைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள்.
தமிழில் கேட்டாள்:
"உள்ளதான இருக்காங்க?"

பெட்டி சொல்லும் பொய்யை
வாயால் சொல்ல எனக்கு உத்தரவில்லை.
"வெயிலா இருக்கும்மா" என்றேன்.

அவள் சீட்டு சூசையின் அடுப்புக்குப் போயிற்று.

சித்திரைக் கடைசியில் லண்டனில் ராஜா செத்துப்போனார்.
கச்சேரிக் கொடியை அரைக்கம்பத்துக்கு இறக்கியது நான்தான்.
வண்ணான் கடுக்காயும் இரும்புத்துருவும் ஊறவைத்து
பட்டுக் கவுன்களை முக்கியெடுத்தான்.
வியர்வையில் சாயம் இறங்கி
துரைசானி கழுத்தில் கருப்புக் கோடுகள்.
கொடைக்கானல் பயணம் தள்ளிப்போனது.
மதராசிலிருந்து கருப்புக் கரை போட்ட சீட்டுகள்
கட்டுக் கட்டாக வந்தன.

ஹாக்கின்ஸ் சம்சாரமும் ஒன்று போட்டாள்.
கரையைக் கையால் வரைந்திருந்தாள்,
ஒரு பக்கம் மை கசிந்திருந்தது.
தட்டிலிருந்து அதை விரல்நுனியால் ஒதுக்கிய துரைசானி
விரலைத் துடைத்துக்கொண்டாள்.

அன்றிரவு
மேஜையிலிருந்து ஒரு கருப்புக்கரைச் சீட்டைத் திருடினேன்.
மூலையை மடித்தேன்.
மடிப்பு நேராக வரவில்லை.
ரயில்வே குடியிருப்பில் அவளும்
ஒரு கோகோ டப்பாவை வாசலில் மாட்டியிருந்தாள்.
அதே மூன்று சொற்கள், கொஞ்சம் கோணலாக.
உள்ளே விளக்கும் தையல் மிஷின் சத்தமும்.
போட்டுவிட்டு ஓடிவந்தேன்.

ஆனி பிறந்ததும் துரைசானி மலைக்கு ரயிலேறினாள்.
மூன்றாம் நாள், பகலில் அல்ல, தேநீர் வேளையில்
அவள் வந்தாள்.
பெட்டியைத் திரும்பியும் பார்க்கவில்லை.
கையில் ஒரு பொட்டலம்.

"வீட்ல இல்லம்மா. சத்தியமா இல்ல.
மலைக்குப் போயிட்டாங்க."

நின்றாள்.
வெட்டிவேர்த் தட்டி காற்றில் லேசாக ஆடியது.
சிரித்தாள்.
"நீயும் நல்லாக் கத்துக்கிட்ட" என்றாள்.

பொட்டலத்தைப் பெட்டிமேல் வைத்துவிட்டு
குடையை விரிக்காமல் போனாள்.
எறும்பு வருமுன் எடுத்து
நானும் சூசையும் தின்றோம்.
கேக்கில் ஏலக்காய் போட்டிருந்தாள்.